ஒரே சங்கை நம்பிய ஊர்: புதுவை ஆலைகள் நமக்குச் சொல்லும் கணக்கு



நம் சங்கக் கூட்டங்களில் அடிக்கடி எழும் பேச்சு ஒன்று உண்டு. 'நம்ம ஊர்ப் பக்கம் பெரிய ஆலை ஒண்ணு வந்துட்டா போதும், நமக்கெல்லாம் விடிவுகாலம்தான்' என்பதே அது. சென்ற கூட்டத்திலும் இந்தப் பேச்சு வந்தது. கைதட்டலும் கிடைத்தது. ஆலை வந்த ஊர்களில் மளிகைக் கடைக்காரர் கதி என்ன ஆயிற்று என்று யாரும் கேட்கவில்லை. அந்தக் கேள்வியை நாம் இங்கே கேட்டுப் பார்க்க விரும்புகிறோம். இதற்கு நெடுந்தூரம் போக வேண்டியதில்லை. செஞ்சி, திண்டிவனம் வழியாகப் பேருந்து ஏறினால் நூறு கிலோமீட்டருக்குச் சற்று மேல் இருக்கும் புதுச்சேரிக்குப் போனால் போதும்.

புதுச்சேரி என்றதும் கடற்கரையும் மதுக்கடையும் நம் நினைவுக்கு வருகின்றன. ஆனால் ஒரு நூற்றாண்டுக்கு மேல் அது பிரெஞ்சுக்காரர்களின் ஆலை நகரமாக இருந்தது என்பதை நம்மில் இளையவர் பலர் அறியார்.

ஊரின் அமைப்பு

புதுவையின் நிலப்படத்தை எடுத்துப் பார்த்தால் கிழிந்த துணியை ஒட்டுப்போட்டதுபோல் இருக்கும். புதுவை கிராமம் ஒன்று, அடுத்துத் தமிழக கிராமம் ஒன்று, மீண்டும் புதுவை என்று மாறி மாறி வரும். பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் சண்டையிட்டு, உடன்படிக்கை செய்து, மீண்டும் சண்டையிட்டுப் பங்கு பிரித்ததன் அடையாளம் அது. காரைக்கால் நாகப்பட்டினத்துக்கு அருகிலும், மாஹே கேரளத்திலும், ஏனாம் ஆந்திரத்திலும் கிடப்பதற்கும் காரணம் அதே வரலாறுதான்.

நகரம் முட்டை வடிவில் அமைந்தது. சுற்றிலும் புல்வார் சாலை. நடுவே ஓடும் கால்வாய்க்குக் கிழக்கே கடலை ஒட்டி வெள்ளையர் வீடுகள், மேற்கே தமிழர் தெருக்கள். கடைத்தெருவும் பெரிய மார்க்கெட்டும் மேற்குப் பக்கம்தான். நகரத்துக்கு வெளியே தெற்கிலும் தென்மேற்கிலும் முதலியார்பேட்டை, கடலூர் சாலைப் பக்கம் ஆலைகள் எழுந்தன. அங்கே நிலத்தடி நீர் நல்ல நீர். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆழ்குழாய் இறக்கியபோது நீர் தானே பொங்கி மேலே வந்தது. நூலுக்குச் சாயம் ஏற்றுகிறவர்களுக்கு நீர்தான் முதல் மூலதனம் என்பதை நம் ஜவுளி வியாபாரிகளுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

வணிகர் கட்டிய ஊர்

பிரெஞ்சு வணிகக் கம்பெனி புதுவையில் கால் ஊன்றியது 1674இல். 1693இல் டச்சுக்காரர் பறித்துக்கொண்டு, 1699இல் திருப்பித் தந்தனர். 1761இல் ஆங்கிலேயர் பிடித்து ஊரையே இடித்துத் தள்ளினர். பிறகும் பலமுறை கைமாறி, 1816இல் நிலையாகப் பிரெஞ்சுக்காரர் வசம் வந்தது. இத்தனை இடிபாட்டுக்கு நடுவிலும் ஊர் மீண்டும் மீண்டும் எழுந்து நின்றதற்குக் காரணம் வணிகம்.

நம் இனத்தவர் ஒருவரை இங்கே நினைக்காமல் இருக்க முடியாது. ஆனந்தரங்கப் பிள்ளை (1709-1761). கவர்னர் துய்ப்ளேக்கு துபாஷியாக இருந்தவர் என்று பாடப்புத்தகம் சொல்லும். அவர் அடிப்படையில் வியாபாரி. பாக்கு, துணி எல்லாம் விற்றவர், சொந்தமாகக் கப்பலும் வைத்திருந்தவர். 1736இல் தொடங்கி ஏறத்தாழ 25 ஆண்டுகள் நாட்குறிப்பு எழுதினார். எந்தக் கப்பல் வந்தது, என்ன சரக்கு இறங்கியது, யார் யாருக்கு எவ்வளவு பாக்கி என்பதெல்லாம் அதில் இருக்கிறது. அரசர்களின் சண்டையை ஒரு வணிகரின் கணக்குப் பிள்ளைப் பார்வையில் எழுதியதால்தான் அந்தக் குறிப்பை இன்றும் உலகம் மதிக்கிறது. கணக்கு எழுதும் பழக்கம் நமக்குத் தரும் பெருமை சிறிதல்ல.

அந்நாளில் புதுவையிலிருந்து போன முக்கியச் சரக்கு நீலம் தோய்த்த பருத்தித் துணி. 'கினே' என்ற பெயரில் அது பிரான்சு வழியாக மேற்கு ஆப்பிரிக்காவின் செனகல் வரை போயிற்று. அங்கே அத்துணியைக் கொடுத்துப் பதிலுக்குப் பிசின் வாங்கினார்கள். துணியே பணமாகப் புழங்கியது என்றுகூடச் சொல்லலாம்.

நம் பகுதிக்கும் இதில் பங்கு உண்டு. திருவண்ணாமலை தாலுகா அந்நாளில் தென்னாற்காடு ஜில்லாவில் அடங்கியிருந்தது. நாம் மல்லாட்டை என்றும் மணிலா என்றும் சொல்லும் நிலக்கடலை 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தென்னாற்காட்டிலிருந்து மூட்டை மூட்டையாகப் புதுவைத் துறைக்குப் போனது. அங்கிருந்து கப்பலேறி பிரான்சின் மார்செய் நகரத்து எண்ணெய், சோப்பு ஆலைகளுக்குச் சென்றது. 1879இல் விழுப்புரத்திலிருந்து புதுவைக்கு ரயில் ஓடத் தொடங்கியபின் இந்த வணிகம் இன்னும் பெருகியது. கரிசலும் செம்மண்ணும் கலந்த நம் மானாவாரி நிலத்துக்கும் மார்செய் சோப்புக்கும் இப்படி ஓர் உறவு இருந்தது. அந்த வணிகமும் நாளடைவில் கையை விட்டுப் போயிற்று. ஒரே சரக்கு, ஒரே துறை, ஒரே வாங்குபவர் என்றிருந்தால் முடிவு இப்படித்தான் இருக்கும்.

மூன்று ஆலைகள்

1828ஆம் ஆண்டு வாக்கில் புதுவையில் இயந்திர நூற்பாலை எழுந்தது. இந்தியாவில் முதன்முதலாக வந்த இயந்திர நூற்பாலைகளில் அதுவும் ஒன்று. மக்கள் அதைச் சவானா மில் என்றனர். பின்னாளில் அது சுதேசி மில். 1892இல் கெப்ளே மில் வந்தது. அது பின்னர் பாரதி மில் ஆயிற்று. 1898இல் ரோடியர் மில், நாம் ஏ.எப்.டி. என்று அறிந்த ஆங்கிலோ பிரெஞ்சு டெக்ஸ்டைல்ஸ் அதுதான். ஆலைச் சங்கு ஊதினால் முதலியார்பேட்டை எழும், ஊதினால் உண்ணும், ஊதினால் உறங்கும்.

ஆலைகளின் செல்வம் எல்லார்க்கும் சமமாய் வந்துவிடவில்லை. வேலை நேரத்துக்கு வரம்பு இல்லை, கூலி சொற்பம், பெண்களும் சிறுவர்களும் அதே நெருக்கடியில். தொழிலாளர் திரண்டனர். வ. சுப்பையா போன்றோர் முன்நின்றனர். 1936 ஜூலை 30 அன்று போராடிய தொழிலாளர் மீது பிரெஞ்சு ஆட்சியின் படையினர் சுட்டதில் 12 பேர் உயிர் நீத்தனர். அந்த உயிர்ப்பலிக்குப் பின்னரே 1937இல் எட்டு மணி நேர வேலை அங்கே சட்டமாயிற்று. இன்றும் ஆண்டுதோறும் ஜூலை 30இல் புதுவையில் அந்தத் தியாகிகளுக்கு மாலை சூட்டுகிறார்கள்.

இங்கே நாம் ஒன்று சொல்லவேண்டும். எந்த ஊரில் வேலைநிறுத்தம் நடந்தாலும் தலைவர்கள் பெயர் சரித்திரத்தில் நிற்கும். அந்த நாட்களில் தொழிலாளர் வீட்டு அடுப்பு எரிய அரிசியும் பருப்பும் கடனுக்குப் போட்ட மளிகைக் கடைக்காரர் பெயர் எங்கும் இருக்காது. நோட்டில் மட்டும் இருக்கும். கடைக்காரரின் கடன் நோட்டு இல்லாமல் எந்த வேலைநிறுத்தமும் பத்து நாள் தாங்காது என்பது நம் கருத்து.

1954 நவம்பர் 1 அன்று புதுவை இந்தியாவோடு இணைந்தது. சட்டப்படியான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16இல். பிரெஞ்சுக்காரர் போனார்கள், ஆலைகள் இருந்தன. ஆனால் பழைய இயந்திரம், விசைத்தறிப் போட்டி, மாறிய சந்தை எல்லாம் சேர்ந்து அவற்றை அரித்தன. 1980களில் ஏ.எப்.டி. தடுமாறி நின்றபோது புதுவை அரசே எடுத்து நடத்த வேண்டியதாயிற்று. 2011 டிசம்பர் 30 அன்று வீசிய தானே புயல் ஆலையின் கூரைகளைப் பிய்த்தெறிந்தது. 2020 ஏப்ரல் 30உடன் ஏ.எப்.டி. மூடப்பட்டது. சுதேசி, பாரதி ஆலைகளும் இன்று ஓடவில்லை. ஊரையே எழுப்பிய சங்கு ஊமையாகிவிட்டது.

நோட்டில் நின்ற பாக்கி

நம் சங்க உறுப்பினர் ஒருவருடைய பெரியப்பா மகன் ஓர் ஆலைக் குடியிருப்பை ஒட்டி மளிகைக் கடை வைத்திருந்தார். எந்த ஊர், எந்த ஆலை என்பது இங்கே வேண்டாம். ஓடிய நாளில் நல்ல வியாபாரம். ஏழாம் தேதி சம்பளம் என்றால் எட்டாம் தேதி கல்லா நிறையும். வீட்டுக்கு ஒரு நோட்டு, ஒவ்வொன்றிலும் பேர் எழுதி வரிசையாக அடுக்கி வைத்திருப்பார். முதலில் சம்பளம் பத்து நாள் தள்ளிப்போயிற்று. பிறகு பாதிச் சம்பளம். பிறகு பேச்சுவார்த்தை. 'அடுத்த வாரம் தீர்ந்துடும்ணே' என்பார்கள். இருபது வருடமாகச் சரக்கு வாங்கிய முகத்தைப் பார்த்து இல்லையென்று சொல்ல அவருக்கு மனம் வரவில்லை. சொல்லவும் கூடாதுதான். ஆனால் அவருக்குச் சரக்கு போட்ட மண்டிக்காரர் அப்படி இருப்பாரா? நாள் கெடு வைத்தார். கடைசியில் மனைவியின் நகையை அடகு வைத்து மண்டிக் கணக்கைத் தீர்த்துவிட்டுக் கடையைச் சாத்தினார்.

நம் உறுப்பினர் ஒருமுறை அவரிடம், "ஏண்ணே, அந்த நோட்டையெல்லாம் இன்னும் ஏன் வெச்சிருக்கீங்க?" என்று கேட்டாராம். "ஒருத்தரும் என்னை ஏமாத்தலடா தம்பி. அவங்களுக்கு வரல, எனக்கு வரல. தூக்கிப்போட மனசு வரல" என்றாராம்.

ஏமாற்றினால் பஞ்சாயத்துக்குப் போகலாம். ஏமாற்றாமல் வந்த நட்டத்துக்கு எங்கே போவது?

இதைக் கணக்காகவும் பார்ப்போம். மாதம் 3 லட்சம் விற்கும் கடை. நூற்றுக்குப் பத்து லாபம் என்று வைத்துக்கொள்வோம். மளிகையில் அதுவே அதிகம். 1 லட்சம் ரூபாய்க் கடன் வராமல் போனால், நம் கையிலிருந்து போனது சரக்கின் கொள்முதல் விலையான 90,000 ரூபாய். அதை மீட்க 9 லட்சத்துக்கு விற்க வேண்டும். அதாவது மூன்று மாத விற்பனை. அதுவும் கடை வாடகை, மின்கட்டணம், ஆள் சம்பளம், வீட்டுச் செலவு எதுவுமே இல்லாதிருந்தால்!

பிரான்சு நாட்டிலேயே ஓர் ஊர்

இது நம் நாட்டுக்கு மட்டும் வந்த கதையல்ல. பிரான்சின் பர்கண்டிப் பகுதியில் லெ க்ரூசோ என்று ஒரு சிற்றூர். மலைச்சரிவு, அடியில் நிலக்கரி. 1780களில் அரசரின் வார்ப்பாலை அங்கே வந்தது. 1836இல் ஷ்னைடர் சகோதரர்கள் இரும்பாலையை வாங்கினர். அப்போது ஊரின் மக்கள்தொகை மூவாயிரத்துக்கும் குறைவு. முப்பதே ஆண்டுகளில் இருபதாயிரத்தைத் தாண்டியது. ரயில் எஞ்சின், பீரங்கி, பாலத்துக்கு இரும்பு என்று உலகெங்கும் சரக்கு போயிற்று. 1877இல் அவர்கள் நிறுவிய 100 டன் நீராவிச் சம்மட்டி இன்றும் ஊர் முகப்பில் நிற்கிறது. வீடு ஆலையுடையது, பள்ளி ஆலையுடையது, மருத்துவமனை ஆலையுடையது, நகரத் தலைவர் பதவியும் நெடுங்காலம் ஆலை முதலாளி குடும்பத்துடையது.

1984இல் அந்த ஆலையின் வழிவந்த நிறுவனம் திவாலாயிற்று. பிரான்சே அதிர்ந்தது. ஊர் அதோடு அழிந்துவிடவில்லை. ஆலையைத் துண்டு துண்டாகப் பலர் எடுத்து நடத்தினர். அதிவேக ரயிலுக்கான சக்கரச் சட்டம், விமான எஞ்சின் உதிரிபாகம், உயர்கல்வி என்று நான்கைந்து தூண்கள் எழுந்தன. ஆனாலும் ஒரு காலத்தில் முப்பதாயிரத்துக்கு மேல் இருந்த மக்கள்தொகை இன்று இருபதாயிரம் அளவுக்கு இறங்கிவிட்டது. குறைந்த ஒவ்வொரு குடும்பமும் அங்கே யாரோ ஒரு கடைக்காரரின் வாடிக்கைதான்.

வேங்கிக்காலின் ஆலை எது?

'நம்ம ஊர்லதான் ஆலையே இல்லையே' என்று கேட்கலாம். இருக்கிறது, சங்கு ஊதுவதில்லை, அவ்வளவுதான்.

வேலூர் சாலையில் ஏரியும் வயலுமாகக் கிடந்த வேங்கிக்கால், 1989 செப்டம்பரில் மாவட்டம் பிரிந்து, பிறகு ஆட்சியர் அலுவலகம் இங்கே அமைந்ததும் மாறியது. மனை விலை ஏறியது. மளிகை, ஜெராக்ஸ், ஓட்டல், பாத்திரக் கடை என்று வரிசையாக வந்தன. மாதத்தின் முதல் வாரம் நமக்குத் தனி வாரம். இது நம் முதல் ஆலை. இரண்டாவது ஆலை அண்ணாமலையார். பௌர்ணமி கிரிவலமும் கார்த்திகை தீபமும் தரும் வியாபாரத்தை நாம் மறைக்க வேண்டியதில்லை.

2020 மார்ச்சில் என்ன நடந்தது? ஊரடங்கு வந்தது. பௌர்ணமி கிரிவலத்துக்கு விதித்த தடை ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் நீடித்தது. பௌர்ணமியை மட்டும் நம்பிய கடைகள் எத்தனை சாத்தப்பட்டன என்பது நம் கண் கண்டது. அதே நாட்களில் சுற்றுக் கிராமத்து வீடுகளுக்கு அரிசி, பருப்பு, எண்ணெய் போட்டுவந்த கடைகள் தள்ளாடினாலும் விழவில்லை. அந்தப் பாடத்தை நாம் மறந்துவருகிறோம் என்பதே நம் கவலை. அரசு ஊழியரின் சம்பளம் நிற்காது என்ற தைரியம் சரிதான். ஆனால் சம்பளம் நிற்காவிட்டாலும் அது நம் கடைக்கு வருவது நிற்கலாம். அலுவலக மேசைக்கே பார்சல் வந்து இறங்குவதை நாம் தினமும் பார்க்கிறோமே!

கவுத்திமலை, வேடியப்பன்மலையில் இரும்புத் தாது எடுக்கும் திட்டம் பேசப்பட்டபோது நம்மில் சிலர் மகிழ்ந்தோம். சுற்றுக் கிராம மக்கள் எதிர்த்தார்கள்; அது நிறைவேறவில்லை. அன்று அவர்கள் மலையையும் விளைநிலத்தையும் நினைத்தார்கள். நாம் கல்லாவை நினைத்தோம். மலையைத் தோண்டி முடித்த பிறகு கல்லாவில் என்ன விழும் என்று நாம் நினைக்கவில்லை. அதை ஒப்புக்கொள்வதில் நமக்கு வெட்கம் இல்லை.

நாம் செய்யக்கூடியவை

தொழிற்சாலையே வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. வேலையில்லா இளைஞர்கள் நம் வீட்டிலும் இருக்கிறார்கள். ஒன்று பெரிதாக வருவதைவிடப் பத்து சிறிதாக வருவது நமக்கு நல்லது என்கிறோம். மல்லாட்டை உடைப்பு, எண்ணெய்ச் செக்கு, அரிசி ஆலை, ஆரணிப் பட்டு நெசவு, பால் பொருள் என்று நம் மண்ணின் தொழில்களுக்குக் கிடங்கும் சாலையும் மின்சாரமும் கேட்போம். அமைச்சரிடம் மனு கொடுக்கும்போது இதை முதல் வரியில் எழுதுவோம்.

கடையளவில், இந்த வாரமே ஒவ்வொருவரும் நோட்டை எடுத்து வைத்து எண்ணிப் பார்க்க வேண்டும். கடன் வாடிக்கையாளரில் ஒரே இடத்துச் சம்பளத்தை நம்பியவர் எத்தனை பேர்? மூன்றில் ஒரு பங்குக்கு மேல் என்றால் நாமும் ஆலை வாசலில் கடை வைத்திருக்கிறோம் என்று அர்த்தம். உடனே யாரையும் விரட்ட வேண்டாம். புதிதாக நோட்டுப் போடுவதை வேறு பக்கம் திருப்புவோம். பழைய பாக்கியை முழுதும் கேட்டு மிரட்டாமல், மாதம் இவ்வளவு என்று தவணை கட்டுவோம். நோட்டுக்கு ஒரு வரம்பு வைத்து, அதை வாடிக்கையாளரிடம் முகத்துக்கு நேரே சொல்லிவிடுவோம். முன்கூட்டிச் சொன்ன வரம்பு யாரையும் புண்படுத்தாது; திடீரென்று சொல்லும் 'இல்லை'தான் புண்படுத்தும்.

மண்டி வைத்திருக்கும் மொத்த வியாபாரிகளுக்கும் ஒரு வேண்டுகோள். சில்லறைக் கடை சாய்ந்தால் உங்கள் பேரேட்டிலும் ஓட்டை விழும். தடுமாறும் கடைக்குச் சரக்கை அடியோடு நிறுத்துவதற்கு முன் அளவைக் குறைத்து, பதினைந்து நாள் கூடுதல் கெடு தந்து பாருங்கள். சங்கமும் கடைக்கு மாதம் ஒரு சிறு தொகை என்று திரட்டி, உறுப்பினர் இடருக்கு வட்டியில்லாக் கைமாற்று தரும் நிதி ஒன்றை அமைக்க வேண்டும். இதை வரும் பொதுக்குழுவில் தீர்மானமாகக் கொண்டுவர நாம் இருக்கிறோம். எதிர்ப்பவர் காரணத்தோடு எதிர்க்கட்டும்.

அடுத்த முறை கொள்முதலுக்கோ உறவினர் வீட்டு விசேஷத்துக்கோ புதுவை போகிறவர்கள், கடற்கரைக்குப் போகும் முன் கடலூர் சாலைப் பக்கம் ஒரு நடை போய், மூடிய ஆலை வாயிலைப் பார்த்து வாருங்கள். எதிர்ச்சாரியில் இன்னும் திறந்திருக்கும் கடை ஏதேனும் இருந்தால் உள்ளே போய் ஒரு சோடா வாங்கிக் குடித்துவிட்டு, 'எப்படிண்ணே தாக்குப் பிடிச்சீங்க?' என்று கேளுங்கள். அவர் சொல்வதை நம் கூட்டத்தில் வந்து சொல்லுங்கள். நம் எல்லோருக்கும் பயன்படும்.